மண்ணிற் சேர்ந்த உலோகம் மக்குவதில்லை

நெல், மரக்கறிச் செய்கையாளருக்குப் பார உலோகங்களையும் அருமண் மூலகங்களையும் பற்றிய ஒரு பாடம்

கமக்காரர்களே,

வயலில் இட்ட வைக்கோல் மக்கும். தோட்டத்திற் புதைத்த குழையும் மக்கும். யூரியா சில கிழமைகளிற் கரைந்து, ஒரு பகுதி பயிருக்கும் மறுபகுதி நீருக்கும் காற்றுக்கும் போய்விடும். ஆனால் மண்ணிற் சேர்ந்த உலோகம் மக்குவதுமில்லை, சிதைவதுமில்லை. அது மூலகம் ஆதலின், நுண்ணுயிரோ வெயிலோ அதனை வேறொன்றாக மாற்ற இயலாது. இன்று நாம் அறியாமற் சேர்க்கும் ஒரு சிறங்கை நஞ்சு, நம் பேரப்பிள்ளைகள் உழும் காலத்திலும் அவ்விடத்தே இருக்கும். ஆகவே, பார உலோகங்களை வரம்புக்கு வெளியே நிறுத்துவதே முதன்மையான பரிகாரம் என்பதை மனத்திற் கொள்ளுதல் வேண்டும்.

பார உலோகம் என்பது யாது?

நீரைப்போல் ஐந்து மடங்குக்கு மேற்பட்ட அடர்த்தி உடைய உலோகங்களைப் பார உலோகம் என்பது பொது வழக்கு. கதமியம் நீரிலும் ஏறக்குறைய 8.7 மடங்கும், ஈயம் 11.3 மடங்கும், இரசம் 13.5 மடங்கும் பாரமானவை. ஆசனிக்கு முழு உலோகம் அன்றாயினும், அதன் நச்சுத்தன்மை கருதி இவற்றோடு சேர்த்தே எண்ணப்படும்.

பாரமானவை யாவும் தீயவை அல்ல. நாகமும் செம்பும் பயிருக்குச் சிறிதளவு கட்டாயம் வேண்டியவை. இளம் நெற்பயிரின் இலைகளில் துருநிறப் புள்ளிகள் தோன்றிப் பயிர் குன்றும் நோய்க்கு நாகக் குறைபாடே காரணம் என்பதை, இந்தியாவின் பந்த்நகரில் விஞ்ஞானி நேனே 1966ஆம் ஆண்டில் அறிவித்தார். அளவிற் குறைந்தால் நோய், அளவை மீறினால் நஞ்சு என்பதே இவற்றின் இயல்பு. கதமியம், ஈயம், இரசம் ஆகியவற்றாலோ நெல்லுக்கும் மரக்கறிக்கும் யாதொரு தேவையும் இல்லை.

கதமியத்தின் வரலாறு

கதமியம் நாகத்தின் கூடப் பிறந்தது போன்றது. யேர்மனியைச் சேர்ந்த சுதிரோமையர் என்னும் இரசாயன அறிஞர் 1817ஆம் ஆண்டில் நாகக் காபனேற்றை ஆராயும்போது, அதனுட் கலந்திருந்த இப்புதிய மூலகத்தைக் கண்டார். மீள மின்னேற்றக்கூடிய மின்கலங்கள், மஞ்சள், சிவப்பு வர்ணங்கள், இரும்பிற்கான பூச்சு ஆகியவற்றுக்கு அது பயன்பட்டது. இரண்டும் ஒத்த குணம் உடையன ஆதலின், பயிரின் வேர் நாகத்தை உறிஞ்சும் வழியே கதமியத்தையும் உள்ளே விட்டுவிடுகின்றது.

இதன் கேட்டை உலகுக்கு உணர்த்தியவர்கள் நம்மைப் போன்ற நெற்செய்கையாளரே. யப்பானின் தொயாமா மாகாணத்தில், கமியோக்காச் சுரங்கத்தின் கழிவு சின்சூ ஆற்றிற் கலந்தது. அந்நீர் பாய்ந்த வயல்களின் அரிசியைப் பல்லாண்டுகள் உண்டவர்களின் சிறுநீரகம் பழுதுற்றது. எலும்புகள் மெலிந்து முறிந்தன. வலி தாங்காது அவர்கள் அழுத குரலே "இதாய் இதாய்" என நோயின் பெயராயிற்று. 1968ஆம் ஆண்டில் யப்பானிய அரசு, கதமியத்தால் விளைந்த நோய் இதுவென ஏற்றுக்கொண்டது. பயிர் செழித்தே நின்றது, நெல்லும் விளைந்தது; உண்டவர் உடலே அழிந்தது. கண்ணுக்குப் புலப்படாமையே இந்நஞ்சின் பெருங்கேடு. மனிதனின் சிறுநீரகத்தை அடைந்த கதமியம் பத்து முதல் முப்பது ஆண்டுகள் கழிந்தும் பாதியளவே குறையும்.

நமது நாட்டில், 1990ஆம் ஆண்டுகளின் நடுப்பகுதி முதல் வடமத்திய மாகாணக் கமக்காரரிடையே சிறுநீரக நோய் பரவலாகக் காணப்படுகின்றது. கதமியம், ஆசனிக்கு, புளோரைட்டு, நீரின் வன்மை, பூச்சிநாசினி எனப் பல காரணங்கள் ஆராயப்பட்டுள்ளன. எனினும், இதுவே காரணம் என எதுவும் முடிவாக நிறுவப்படவில்லை. ஆதலின் வீண் அச்சமும் வேண்டாம், அசட்டையும் வேண்டாம்.

நம் நிலத்திற்கு வரும் வழிகள்

பொசுபேற்றுப் பசளை கல்லிலிருந்து செய்யப்படுவது. கடலடியிற் படிந்து உண்டான பொசுபேற்றுக் கற்களில் கதமியம் கூடுதலாக இருப்பதுண்டு. அனுராதபுர மாவட்டத்தின் எப்பாவலையில் 1971ஆம் ஆண்டிற் கண்டறியப்பட்ட கல் எரிமலைக் குழம்பு இனத்தது ஆதலின் அதிற் கதமியம் குறைவு. ஆனால் அது மெல்லக் கரைவது; தென்னை போன்ற நீண்டகாலப் பயிருக்கு உகந்ததேயன்றி, மூன்றரை மாத நெல்லுக்குப் பொருந்தாது.

ஒரு கிலோ பசளையிற் கதமியம் 20 மில்லிகிராம் உள்ளதெனக் கொள்வோம். ஏக்கருக்கு 25 கிலோ இட்டால், ஒரு போகத்தில் அரைக் கிராம் சேரும். பரந்த வயலில் இது சிறு தொகையே. இப்பொழுது பழைய நிக்கல்-கதமிய மின்கலம் ஒன்றைப் பாருங்கள்: கைவிரல் அளவான அதனுள் 3 கிராம் வரை கதமியம் இருக்கும். அது கூட்டெருக் குழியில் உடைந்து, பத்துச் சதுர மீற்றர்ப் பாத்தியொன்றிற் பரவுமாயின், மேல்மண் ஏறக்குறைய 2000 கிலோவில், கிலோவுக்கு 1.5 மில்லிகிராம் ஏறும். மாசுபடாத மண்ணில் இயல்பாக இருப்பது பெரும்பாலும் அரை மில்லிகிராமுக்கும் குறைவே. ஒரு மின்கலம் ஒரு கீரைப் பாத்தியைக் கெடுக்கப் போதும்.

அமிர்தகழி முதலான எழுவான்கரைக் கிராமங்களின் தோட்டங்கள் மணற்றரை ஆதலின் இக்கவனம் இரட்டிப்பாக வேண்டும். களிமண்ணும் மக்கும் உலோகத்தைப் பற்றிப் பிடிக்கும். மணலோ அவ்வாறு பிடியாது, நீரோடு கிணற்றை நோக்கி விட்டுவிடும். படுவான்கரை வயல்களின் கனமான மண் அதனைப் பிடித்து வைத்திருக்கும், ஆயினும் நீக்குவதில்லை.

அருமண் மூலகங்கள்

அருமண் மூலகங்கள் பதினேழு. பெயர் அவ்வாறாயினும் அவற்றுட் பல அரியன அல்ல. சீரியம் என்பது நிலத்தில் ஏறத்தாழச் செம்பின் அளவே உண்டு, கதமியத்திலும் பன்மடங்கு மிகுதி. 1803ஆம் ஆண்டிற் கண்டறியப்பட்ட அதற்கு, தானியத்தின் தெய்வமாக உரோமர் வணங்கிய சீரிசுவின் பெயரைக் கொண்ட சிறுகோளின் பெயரே இடப்பட்டது. தீமூட்டியின் கல்லிற் பொறி பறப்பது சீரியத்தாலேயே. நியோதிமியம் ஒலிபெருக்கி, மின்மோட்டர் ஆகியவற்றின் வலிய காந்தங்களுக்கு உதவுகின்றது.

இவற்றோடு கூடவே கிடைப்பது பார உலோகமாகிய தோரியம். அதனை மிகுதியாக உடைய கனியம் ஒன்று சப்பிரகமுவையிற் கிடைத்தது. ஆனந்த குமாரசுவாமி கண்டறிந்த அதற்கு 1904ஆம் ஆண்டில் தோரியனைற்று எனப் பெயரிடப்பட்டது. பெற்றோமாக்சு விளக்கின் பழைய மென்றில்கள் வெண்மையாக ஒளிர்ந்தது தோரியமும் சீரியமும் கலந்த சாம்பலால். புல்மோட்டைக் கடற்கரையின் கருமணலிலும் இவை அடங்கிய மொனசைற்று சிறிதளவு உண்டு.

சீனாவில் அருமண் கலந்த பசளைகள் வயலுக்கு இடப்படுவதுண்டு. அவை பயிருக்கு இன்றியமையாதன என்பது நிறுவப்படவில்லை. "அருமண் சத்து" என்று எவரேனும் புட்டியில் விற்பாராயின், பணத்தைக் கொடுக்குமுன் விவசாயப் போதனாசிரியரிடம் உசாவுக.

நீரும் நஞ்சும்

நீர் தேங்கிய வயலில் ஒட்சிசன் குறைய, கதமியம் கந்தகத்தோடு கூடிக் கரையாத பொருளாகும். நீரை வடித்து மண் காய்ந்தால் அது மீண்டும் கரையும். ஆசனிக்கோ இதற்கு மாறானது. நீர் தேங்கும்போதே கரைந்து வேரைச் சேரும். எனவே கதமியம் மிகுந்த நிலத்தில், கதிர் வருமுன் மூன்று கிழமையும் வந்தபின் மூன்று கிழமையும் நீர் நிறுத்தும் முறையை யப்பானியர் கைக்கொள்கின்றனர். எது மிகுதி என அறியாமல் நீர் முறையை மாற்றுதல் தகாது. பன்னாட்டு உணவு நியமத்தின்படி, தீட்டிய அரிசியில் ஒரு கிலோவுக்குக் கதமியம் 0.4 மில்லிகிராமையும், கனிம ஆசனிக்கு 0.2 மில்லிகிராமையும் மீறலாகாது.

செய்யத்தக்கவை

1. மின்கலம், மின்குமிழ், வர்ணத் தகரம், பழைய மென்றில், தகட்டுச் சாம்பல் எதனையும் கூட்டெருக் குழியிலோ வாய்க்காலிலோ இடாதீர்.

2. பொசுபேற்றை மண் பரிசோதனையின்படியே இடுக. தேவைக்கு மிஞ்சியது செலவு; அதனோடு வரும் உலோகமோ நிரந்தரம்.

3. பெயர்ச்சீட்டற்ற பசளையையும் நாசினியையும் வாங்காதீர். நகரக் குப்பையாற் செய்த கூட்டெருவைப் பரிசோதனைச் சான்று இன்றி ஏற்காதீர்.

4. செம்பு கலந்த பூஞ்சண நாசினியைச் சிபார்சு செய்த அளவுக்கு மேல் தெளியாதீர். செம்பும் மண்ணிலேயே தங்கும்.

5. மண் புளிப்பாயின் கதமியம் எளிதிற் கரையும். பரிசோதித்த பின் சுண்ணாம்பு இடுக. மிகையாக இட்டால் நாகக் குறைபாடு தோன்றும்.

6. சாணம், குழை, வைக்கோல் ஆகியவற்றால் மண்ணின் மக்கைப் பெருக்குக. உமிச்சாம்பலில் உள்ள சிலிக்கா, நெல் ஆசனிக்கை உறிஞ்சுவதைக் குறைக்கும்.

7. பட்டறை, எரிபொருள் நிலையம், நகர வடிகால் ஆகியவற்றின் அருகே கீரை நடாதீர். பொன்னாங்காணி, கங்குன் முதலிய இலைக்கறிகள் மிகுதியாக உலோகம் ஏற்கும். அத்தகைய இடத்திற் பூ வளர்த்தல் நன்று.

மண் பரிசோதனைக்கு மாதிரி எடுக்கும் முறையை உங்கள் பகுதி விவசாயப் போதனாசிரியரிடம் கேட்டறிக. அடுத்த போகத்திற்கு நிலம் பண்படுத்துமுன் அதனைச் செய்தல் நலம்.