மனு பயனற்றுப் போகும் முன்

அன்புள்ள யாழினிக்கு,

உயர் நீதிமன்ற விசாரணைகளைப் பார்க்கப் போகும்போதெல்லாம் ‘மனு பயனற்றதாகிவிட்டதால் முடித்துவைக்கப்படுகிறது’ என்ற உத்தரவு காதில் விழுகிறதே, ஏன் என்று கேட்டிருந்தாய். வக்கீலாகப் போகிறவள் கேட்க வேண்டிய கேள்விதான்.

நீதிமன்றம் உயிருள்ள வழக்கைத்தான் தீர்க்கும். கேட்ட நிவாரணத்தைக் கொடுக்கவே முடியாது என்றாகிவிட்டால், கருத்துச் சொல்வதற்காக மட்டும் அது விசாரிப்பதில்லை. இதில் நியாயம் உண்டு. மூன்று வேளாண் சட்டங்களை எடுத்துக்கொள். 2021 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அவற்றை நிறுத்திவைத்தது. அதே ஆண்டு நவம்பரில் நாடாளுமன்றமே ரத்து செய்தது. எதிர்த்தவர்கள் கேட்டது கிடைத்துவிட்ட பிறகு தீர்ப்பு எதற்கு?

மனுதாரருக்கு எதுவுமே கிடைக்காமல் மனு செத்துப்போவதும் உண்டு. நாம் கவலைப்பட வேண்டியது அதைப் பற்றித்தான். குண்டர் தடுப்புச் சட்டம் என்று நாம் சொல்வது தமிழ்நாட்டின் 1982-ஆம் ஆண்டு 14-ஆவது சட்டம். அதன்கீழ் ஒருவரை 12 மாதம் வரை தடுப்புக் காவலில் வைக்கலாம். குற்றம் நிரூபிக்கப்பட வேண்டியதில்லை. குடும்பத்தார் ஆட்கொணர்வு மனு போடுகிறார்கள். அது இறுதி விசாரணைக்கு வருவதற்குள் ஓராண்டு ஓடிவிட்டால், ஆளும் வெளியே வந்துவிடுவார், மனுவும் முடிந்துவிடும். அடைத்துவைத்தது சரியா என்ற கேள்விக்கு மட்டும் பதில் இராது. உத்தரவில் குறை இருந்தால் அதே குறை அடுத்தவர் மீதான உத்தரவிலும் தொடரும்.

பணமதிப்பிழப்பு வழக்கையும் படி. 2016 நவம்பர் 8-ஆம் தேதி அறிவிப்பு. டிசம்பர் 16-ஆம் தேதி அரசியல் சாசன அமர்வுக்கு அனுப்பப்பட்ட அந்த வழக்கின் விசாரணை 2022-இல்தான் நடந்தது. இனி இது ஏட்டளவிலான கேள்வி என்றது மத்திய அரசு. உச்ச நீதிமன்றம் அதோடு நின்றுவிடாமல் விசாரித்தது. 2023 ஜனவரி 2-ஆம் தேதி, 4-க்கு 1 என்ற பெரும்பான்மையில் நடவடிக்கை செல்லும் என்றது. மாறுபட்ட தீர்ப்பளித்த நீதிபதி பி.வி.நாகரத்னா, அது சட்டப்படி தவறு என்றார். ஆனாலும் பழைய நிலைக்குத் திரும்ப வழியில்லை என்பதையும் அவர் சொல்ல வேண்டியிருந்தது. ஆறு ஆண்டுத் தாமதம் நிவாரணத்தை முன்பே பறித்துவிட்டது.

ஆகவே மனு எழுத உட்காரும்போதே காலண்டரைப் பார். தேர்வு, டெண்டர், மாணவர் சேர்க்கை, இடிப்பு நோட்டீஸ் என எதுவானாலும், எந்தத் தேதியோடு கை மீறிப் போகும் என்று குறித்துக்கொள். அதற்கு முன் இடைக்காலத் தடை கேள். பட்டியலில் வராவிட்டால் நீதிபதி முன் அவசர முறையீடு செய். சூழல் மாறினால் கோரிக்கையைத் திருத்து. இடித்து முடித்த வீட்டுக்குத் தடை கேட்க முடியாது, இழப்பீடு கேட்கலாம். எதற்குமே வழியில்லையென்றால், சட்டப் பிரச்சினை முடிவு செய்யப்படாமல் திறந்தே வைக்கப்படுவதாக உத்தரவில் பதிவு செய்யக் கேள். அடுத்து வருபவருக்கு அது உதவும்.

நம்மை நம்பி வக்காலத்தில் கையெழுத்திடுபவருக்கு வெற்றி கிடைக்கும் என்று நாம் உறுதி தர முடியாது. பதில் கிடைக்கும் நாள்வரை அவர் மனுவை உயிரோடு வைத்திருப்பது நம் கடமை. அதில் ஒருநாளும் அசந்துவிடாதே.

அன்புடன்,
மாமா