மறதியும் நினைவின் குறுக்கீடும்

சென்ற கிறிஸ்துமஸ் விடுமுறையில் யாம் செம்பரம்பாக்கத்தில் எம் பாட்டனார் இல்லத்தில் தங்கியிருந்தேம். அயல்நாட்டில் பல்லாண்டு பணியாற்றித் திரும்பிய எம் மாமா, குன்றத்தூருக்கு அப்பால் அடையாற்றின் அருகே பாட்டனார் முன்னர் வாழ்ந்த பழைய வீட்டை இடித்துப் புதிது கட்ட முனைந்திருந்தார். தெருவினின்று தளமட்டத்தை எத்தனை அடி உயர்த்துவது என்று தெரிதல் வேண்டும். "2015-ஆம் ஆண்டு வெள்ளம் எம்மட்டும் நின்றது, அப்பா?" என்று வினவினார்.

"நண்பகலில் ஏரி மதகைத் திறந்தனர், மாலையில் தெருவில் முழங்காலளவு தண்ணீர். வீட்டினுள் வரவில்லை" என்றார் பாட்டனார், சிறிதும் தயங்காது. பாட்டியார் மறுத்தார். இருவருள் எவரும் பொய் கூறுபவர் அல்லர்.

நாள் செல்லச் செல்ல நினைவு தானே தேய்ந்து மறைகின்றது என்பதே மறதியைப் பற்றிப் பலரும் கொண்டுள்ள எண்ணம். காலத்தின்மேற் பழி போடுதல் எளிது. ஆயின் 1900-இல் செர்மானியராகிய மியூல்லர், பில்செக்கர் என்னும் இருவர், ஒன்றைக் கற்றபின் வேறொன்றில் மனம் செலுத்துவதே முன்னதன் நினைவைக் கெடுக்கின்றதென ஆய்ந்து கூறினர். 1924-இல் அமெரிக்காவில் ஜென்கின்ஸ், டாலன்பாக் என்போர், பொருளற்ற அசைகளை மாணவர் இருவரைக் கற்கச் செய்து சோதித்தனர். கற்றவுடன் உறங்கியபொழுது நினைவில் நின்றவை பல. அதே கால அளவு விழித்திருந்தபொழுது நின்றவை சில. கழிந்த காலம் ஒன்றே; இடையில் நிகழ்ந்தனவே வேறு. (விடியுமட்டும் கண்விழித்துப் படிக்கும் எம் விடுதி நண்பர்கள் இதனைச் சற்றே எண்ணுவாராக.)

புதியது பழையதை மறைப்பது போலவே பழையதும் புதியதை மறைக்கும். ஒரே சொற்பட்டியலைக் கற்றோர் மறுநாள் நூற்றுக்கு ஏறத்தாழ 75 பங்கு நினைவுகூர்ந்தனர் என்றும், அதற்குமுன் பல பட்டியல்களைக் கற்றிருந்தோர் 25 பங்குக்கும் குறைவாகவே நினைவுகூர்ந்தனர் என்றும் 1957-இல் அண்டர்வுட் என்பவர் காட்டினார். இதற்கு எம் வகுப்பினும் சிறந்த சான்று இல்லை. பள்ளியில் நன்னூல்வழி நின்று சார்பெழுத்துப் பத்து எனப் பயின்றேம். கல்லூரியிற் புகுந்து, தொல்காப்பியர் குற்றியலிகரம், குற்றியலுகரம், ஆய்தம் என மூன்றே கொண்டமை கற்றேம். முதல் தேர்வில் தொல்காப்பிய வினாவிற்கு எம்முட் பலர் எழுதிய விடை பத்து! ஓராண்டு தொல்காப்பியத்தில் மூழ்கியபின், நன்னூலாரின் பத்தினையும் வரிசையாகக் கூறெனின் ஆறாவதிலேயே நா தடுமாறுகின்றது. இரண்டும் ஒரே பெயரின்கீழ் நிற்றலே இடர்ப்பாட்டிற்குக் காரணம். "சார்பெழுத்து" என்னும் ஒரே கதவைத் தட்ட, உள்ளிருந்து இருவர் ஒருங்கே எழுந்து வருகின்றனர். வாயிலில் நெருக்கடி உண்டாகின்றது. இருவருள் ஒருவரும் இறந்திலர்.

பாட்டனார்க்கும் நேர்ந்தது அதுவே. 2015-இற்குப்பின் 2020-இல் நிவர் புயலின்போதும், 2021-இலும், 2023-இல் மிக்ஜாம் புயலின்போதும் செம்பரம்பாக்கம் ஏரியின் உபரிநீர் திறந்துவிடப்பட்டது. அதே ஏரி, அதே மதகு, அதே ஐப்பசி கார்த்திகை மழை. அவருரைத்த நண்பகற் செய்தி, 2020 நவம்பர் 25-இல் முதலில் 1,000 கன அடி திறந்த நிகழ்ச்சி. 2015 டிசம்பர் 1-இல் வெளியேற்றம் 29,000 கன அடிவரை உயர்ந்தது. அன்றிரவே அடையாற்றங்கரை மூழ்கிற்று. அளவிற் சிறிய பின்னைய வெள்ளம், பெரிய வெள்ளத்தின் பெயரைத் தான் பூண்டு வந்து நின்றது. அம்முழங்காலளவை நம்பித் தளமிட்டால் வீட்டின் கதி யாதாகும்?

ஒன்றையொன்று ஒத்த நினைவுகளைப் பிரிப்பதற்கு, ஒன்றற்கே உரிய அடையாளம் வேண்டும். யாம் சிறிது எண்ணிப்பார்த்து, "தாத்தா, முழங்கால் தண்ணீரில் நடந்த அன்று முகக்கவசம் அணிந்திருந்தீர்களா?" என்று கேட்டேம்.

அவர் நெடுநேரம் வாளா இருந்தார். "ஆமாம் தம்பி, அணிந்திருந்தேன். நனைந்து மூக்கில் ஒட்டிக்கொண்டது" என்றவர், உடனே நிமிர்ந்து அமர்ந்தார். "அப்படியானால் அது கொரோனா ஆண்டு. மற்றது இரவு. மின்சாரம் இல்லை. உன் பாட்டியைக் கைப்பிடித்து மாடிக்கு ஏற்றினேன். மரப்பீரோவிற்குள் தண்ணீர் புகுந்து பத்திரங்களெல்லாம் ஊறிவிட்டன." வினவாமலே ஒவ்வொன்றாக வந்தன. அண்டைவீட்டுப் பசுவொன்று விடியும்வரை கத்தியதையும் கூறினார். அதனைப் பாட்டியாரும் மறந்திருந்தார்.

அப்பீரோ இப்பொழுது செம்பரம்பாக்கத்து வீட்டின் பின்னறையில் இருக்கின்றது. மாமாவும் யாமும் அதனைச் சுவரினின்று நகர்த்தினேம். பின்பலகையில், மெருகு பூசப்படாத மரத்தின் குறுக்கே, பழுப்புநிறக் கோடொன்று ஓடியிருந்தது. மாமா அளவுநாடாவை நீட்டினார்: மூன்றேகால் அடி. பழைய தளம் தெருவினின்று ஒன்றரையடி உயரம். கட்டட மேஸ்திரிக்குக் காட்டுதற்கென வைத்திருந்த தாளில் முன்னர் எழுதியிருந்த இரண்டடியை அடித்துவிட்டு, ஐந்தடி என்று எழுதினார்.