குறியீட்டுக்கு அகராதி உண்டா?

கேள்வி: சினிமா படிக்கும் என் மகன் 'வெரி நைஸ், வெரி நைஸ்' என்ற குறும்படத்தைப் போட்டுக் காட்டினான். கதை இல்லை, பேச்சும் பாதியில் அறுந்து போகிறது. அந்த முகங்களும் குண்டுப் புகையும் எவற்றின் குறியீடுகள்? எப்படிக் கண்டுபிடிப்பது?
- ஒரு வாசகி, இல்-பிசார், மொன்றியல்

பதில்: நல்ல கேள்வி அம்மா. அதுவும் படம் பிறந்த ஊரிலிருந்தே வந்திருக்கிறது! மொன்றியல்காரரான ஆர்தர் லிப்செட், கனடா தேசியத் திரைப்பட வாரியத்தில் வேலை பார்த்தபோது 1961-இல் எடுத்த ஏழு நிமிடப் படம் அது.

சோதனைப் படம் என்றாலே இயக்குநர் போட்ட விடுகதை, விடை அவர் கையில் இருக்கிறது என்று பலரும் நினைக்கிறார்கள். நம் இலக்கியப் பழக்கமும் அப்படி நினைக்க வைக்கும். அகப்பாட்டில் குறிஞ்சி வந்தால் கூடல், முல்லை வந்தால் இருத்தல். புலவரும் கேட்பவரும் முன்பே ஒப்புக்கொண்ட வழக்கு அது. லிப்செட் படத்துக்கு அப்படியொரு வழக்கு கிடையாது.

மற்றவர்கள் வெட்டி எறிந்த ஒலிநாடாத் துண்டுகளைப் பொறுக்கி, அவற்றை ஒட்டி முதலில் ஒலியைத்தான் அவர் அமைத்தார். பெரும்பாலும் அசையாப் புகைப்படங்களான காட்சிகள் அதன் பிறகே வந்தன. இந்த வேலைக்கு 'மான்டாஜ்' என்று பெயர். அதாவது, இரண்டு துண்டுகளை அடுத்தடுத்து வைத்து, இரண்டிலும் தனியாக இல்லாத ஒரு பொருளை எழுப்புவது. ரஷ்ய இயக்குநர் குலெஷோவ் இதைச் சோதித்துப் பார்த்தவர். ஒரே நடிகரின் ஒரே முகத்தை ஒருமுறை சூப்புக் கிண்ணத்தோடும், இன்னொருமுறை சவப்பெட்டியோடும் சேர்த்து ஒட்டினார். பார்த்தவர்களுக்கு முதலில் பசி தெரிந்தது, அடுத்து துக்கம் தெரிந்தது. நடிகரோ இமையைக்கூட அசைக்கவில்லை.

லிப்செட் குரலையும் காட்சியையும் அப்படி மோதவிட்டார். தலைப்பில் உள்ள 'ரொம்ப நல்லது' என்ற பாராட்டு, தனியாகக் கேட்டால் வெறும் உபசாரம். அணுகுண்டுப் புகையைப் பார்த்துவிட்டுக் கேட்கும்போது மனம் கசந்துபோகிறது. உங்களுக்கும் அந்த இடத்தில் ஏதோ உறுத்தியிருக்கும். அந்த உறுத்தல்தான் நீங்கள் தேடும் பொருள். அதற்கு வேறு அகராதி வேண்டாம். என்னைக் கேட்டால், இதைவிடக் கச்சிதமான குறும்படங்கள் மிகச் சிலவே. அது ஆஸ்கர் பரிந்துரை வரை போனது; இயக்குநர் ஸ்டான்லி குப்ரிக்கும் வியந்து கடிதம் எழுதினார்.

வாரியத்தின் இணையதளத்தில் படம் இலவசமாகவே கிடைக்கிறது. முதலில் ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள். அடுத்து, கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள். மூன்றாம் முறை இரண்டையும் சேர்த்துப் பார்த்துவிட்டு, எந்த இடத்தில் உறுத்தியது என்று மகனிடமும் கேளுங்கள். அவர் வேறு இடத்தைச் சொன்னால் அதுவும் சரிதான்.