குட்டி மீனுக்கு நோய் வந்தால்: தொட்டி வைத்தவர்களுக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

ஐப்பசி மழை இறங்கினால் குஜிலியம்பாறையில் ஆடு மாடு நனையாமல் பார்த்துக்கொள்கிறோம். ஜன்னலோரத்து மீன் தொட்டியை யாரும் நினைப்பதில்லை. பகலில் வெதுவெதுப்பாக இருந்த தண்ணீர் விடிவதற்குள் குளிர்ந்துவிடும். பெரிய மீன் தாங்கும். பிறந்து மூன்று வாரமான கப்பி, மோலிக் குட்டிகள் தாங்காது.

மருந்துக்கு முன் தண்ணீர்

குட்டிகள் மேல்மட்டத்தில் வாயைத் திறந்து திறந்து மூடினால், முதலில் தண்ணீரைச் சந்தேகியுங்கள். மிஞ்சிய தீவனம் அழுகி அம்மோனியா கூடியிருக்கலாம். போர் தண்ணீரில் காரத்தன்மை அதிகமென்றால் அந்த விஷத்தின் வேகமும் அதிகம். கால் பங்குத் தண்ணீரை மாற்றி, ஏர் பம்பை ஓடவிடுங்கள். குழாய்த் தண்ணீரில் குளோரின் வாடை அடித்தால் ஒரு நாள் வாளியில் திறந்து வைத்த பிறகே ஊற்ற வேண்டும்.

டார்ச் அடித்துப் பாருங்கள்

இருட்டியதும் விளக்கை அணைத்துப் பக்கவாட்டில் டார்ச் அடியுங்கள். உடம்பில் ரவை ஒட்டியது போலிருந்தால் வெள்ளைப்புள்ளி நோய். பொன்தூள் தூவியது போல மினுங்கினால் வெல்வெட். இது குட்டிகளை வெகு வேகமாகக் கொல்லும். துடுப்பு ஓரம் வெளுத்துக் கிழிந்திருந்தால் துடுப்பழுகல். வாயில் பஞ்சு படர்ந்தால் பூஞ்சை என்பார்கள். பல நேரம் அது பாக்டீரியா. இதைப் பிரித்தறிவது முக்கியம். வெள்ளைப்புள்ளிக்குச் சூடு உதவும். பஞ்சு வாய்க்கு அதே சூடு எமன்.

வெள்ளைப்புள்ளிக்குப் பொறுமையான வைத்தியம்

புள்ளிக்குள் இருக்கும் ஒட்டுண்ணியை எந்த மருந்தும் எளிதில் தொடாது. அது மீனின் தோலுக்கடியில் பத்திரமாக இருக்கிறது. பருத்தபின் உதிர்ந்து, தொட்டியடியில் ஒட்டி, நூற்றுக்கணக்கில் பிரிந்து மறுபடி நீந்தி வருகிறதே, அப்போதுதான் சாகும். புள்ளி மறைந்ததும் நோய் போய்விட்டதென்று முதல் தடவை நான் நிறுத்திவிட்டேன். ஐந்தாம் நாள் குட்டிகள் மொத்தமும் போய்விட்டன. இன்றும் மனசு கேட்கவில்லை.

10 லிட்டருக்கு 10 கிராம் கல் உப்பைத் தனியே கரைத்து மெல்ல ஊற்றுங்கள். மறுநாள் இன்னொரு 10 கிராம். ஹீட்டர் இருந்தால் இரண்டு நாளில் படிப்படியாக 30 டிகிரிக்கு ஏற்றுங்கள். சூடான தண்ணீரில் ஆக்சிஜன் குறையும் என்பதால் பம்பை நிறுத்தவே கூடாது. தினமும் அடிமண்ணைக் குழாய் வைத்து உறிஞ்சி எடுங்கள். தண்ணீர் ஆவியாகிக் குறைந்தால் வெறும் தண்ணீரே போதும், உப்பு ஆவியாகாது. நீங்கள் அள்ளியெடுத்த தண்ணீரின் அளவுக்கு மட்டும் உப்பு சேருங்கள். கடைசிப் புள்ளி மறைந்தபின் இன்னும் ஒரு வாரமாவது தொடர வேண்டும். கப்பியும் மோலியும் இந்த உப்பைத் தாங்கும். கோரிடோராஸ் போன்ற கெளுத்தி வகை தாங்காமல் போகலாம்.

மற்ற நோய்கள்

வெல்வெட்டுக்கும் உப்பு உதவும்; தொட்டியைத் துணியால் மூடி இருட்டாக்கினால் ஒட்டுண்ணி வலுவிழக்கும். துடுப்பழுகல் தொடக்கத்தில் சுத்தமான தண்ணீரிலேயே ஆறும். மெத்திலீன் புளூ மருந்தைத் தனி டப்பில் மட்டும் பயன்படுத்துங்கள். தொட்டியில் ஊற்றினால் ஃபில்டரிலுள்ள நல்ல பாக்டீரியாவும் சாகும். முதுகு வளைந்து மெலிந்துகொண்டே போகும் மீனைப் பிரித்துவிடுங்கள். கையில் காயத்தோடு அந்தத் தண்ணீரைத் தொட வேண்டாம், மனிதருக்கும் தொற்றும் கிருமி அதிலிருக்கலாம்.

புது மீன் வாங்கினால் இரண்டு வாரம் தனி டப், அதற்கென்று தனி வலை.