வெட்டி ஒட்டிய இசை

1987ஆம் ஆண்டு இங்கிலாந்தில் ஓர் இசைத்தட்டு வெளிவந்தது. ‘பம்ப் அப் தி வால்யூம்’ என்பது அதன் பெயர். ‘மார்ஸ்’ என்னும் குழுவினர் ஆக்க, ‘ஃபோர் ஏ.டி.’ என்னும் சிறு நிறுவனம் வெளியிட்டது. அக்டோபர்த் திங்களில் இரண்டு வாரம் அந்நாட்டு விற்பனைப் பட்டியலில் முதலிடத்தில் நின்றது. ஆயினும், இதைப் பாடியவர் யார் என்று கேட்டால் விடை கூறுவது எளிதன்று. பெயராய் அமைந்த அத்தொடரே எரிக் பி., ராக்கிம் என்னும் அமெரிக்கர் இருவரின் இசைத்தட்டிலிருந்து வெட்டி எடுத்தது. அதனை அடுத்து வரும் குரல்களும் கூவல்களும் பல வேறு தட்டுகளிலிருந்து வந்தவை.

இவ்வாறு எடுத்தாளும் முறைக்குச் ‘சாம்ப்ளிங்’ என்று பெயர். அதற்கென ஒரு கருவி உண்டு. ஒலியை எண்களாக மாற்றி அது தன் நினைவில் வைத்துக்கொள்ளும். பின்னர் ஆர்மோனியத்தில் போலக் கட்டையை அழுத்தினால், அவ்வொலி எழும். மேற்கட்டையை அழுத்தினால் சுருதி ஏறும். அக்காலக் கருவிகளில் வேகமும் உடன் ஏறும். ஒருவர் எங்கோ ஒரு நாள் கொட்டிய தாளம் இவ்வாறு இன்னொருவர் விரல் நுனிக்கு வந்துவிடுகிறது. இதைக் கேட்ட அளவில் ‘திருட்டு’ என்று சொல்லத் தோன்றும். நான் அவ்வளவு விரைவில் சொல்லமாட்டேன். ‘என்றார் பிறரும்’ என்று பெயர் கூறாமலே பிறர் அடியை எடுத்துக்காட்டிய உரையாசிரியர்களை நாம் திருடர் என்பதில்லையே!

குழுவின் கதையும் விந்தையானதே. ‘கலர்பாக்ஸ்’, ‘ஏ.ஆர். கேன்’ என்னும் இரு குழுவினர் இந்த ஒரு தட்டுக்காகவே கூடினர். மார்ட்டின், அலெக்ஸ், ரூடி, ரஸ்ஸல், ஸ்டீவ் என்னும் ஐவர் பெயரின் முதலெழுத்துகளே குழுவின் பெயராயின. கூடினார்களே தவிர, ஒத்துப் போகவில்லை. ஒரு பக்கத்துப் பாட்டு பெரும்பாலும் முன்னவருடையது. மறுபக்கத்து ‘அனிட்டினா’ பின்னவருடையது. துண்டுகளைத் தேர்ந்து கோத்ததில் கிறிஸ் மாக்கின்டாஷ், டேவ் டாரல் என்னும் தட்டு சுழற்றுவோர் இருவருக்குப் பெரும் பங்கு உண்டு. அவர்கள் பெயருக்கோ அவ்வைந்து எழுத்தில் இடமில்லை. இரண்டாம் தட்டு வரவே இல்லை.

விற்பனை ஏறிக்கொண்டிருந்தபோது வழக்கு வந்தது. ஸ்டாக், எய்ட்கன், வாட்டர்மன் என்னும் பெயர்பெற்ற இசையமைப்பாளர் மூவர், தங்கள் ‘ரோட்பிளாக்’ பாட்டிலிருந்து ஒரு துண்டு எடுக்கப்பட்டிருப்பதாகக் கூறித் தடையாணை பெற்றனர். அத்துண்டு சில நொடி அளவே. தட்டு அனுப்புவது சில நாள் நின்றது. முடிவில் மன்றத்துக்கு வெளியே இணக்கம் ஏற்பட்டது. வெளிநாட்டுத் தட்டுகளில் அத்துண்டு நீக்கப்பட்டது. இதில் ஒரு சுவை உண்டு. இத்தட்டு முதலிடத்திலிருந்து இறக்கிய பாட்டு ரிக் ஆஸ்ட்லி பாடியது. அதை இயற்றியவர்களும் அம்மூவரே! வழக்கின் உள்நோக்கம் பற்றிப் பலர் பேசியதில் வியப்பென்ன?

இங்கிலாந்து வழக்கில் தீர்ப்பு இல்லாது போயிற்று. அமெரிக்காவில் அவ்வாறு அன்று. 1991இல், பிஸ் மார்க்கி என்பவர் கில்பர்ட் ஓ'சல்லிவன் பாட்டிலிருந்து எடுத்தாண்டது குற்றம் என நியூயார்க் மன்றம் கூறிவிட்டது. அதன் பின்னர் ஒவ்வொரு துண்டுக்கும் முன்னரே இசைவு பெறுவது வழக்கமாயிற்று. பல துண்டுகளைக் கோக்க வேண்டுமானால் செலவு மிகும். அதனால் பொருள் உள்ளவர்க்கே அது இயல்வதாயிற்று. இக்கலை ஏழை இளைஞர் கையில் பிறந்தது. அதனை எண்ணும்போது, இம்மாற்றம் எனக்கு உவப்பாக இல்லை.

ஆனால், உரிமைப் பணம் யாருக்குச் சேர்கிறது? இயற்றியவருக்கும் பதிவுக்கு உடையவருக்குமே. ஜேம்ஸ் பிரவுனின் ‘ஃபங்க்கி டிரம்மர்’ 1970இல் வெளிவந்தது. அதில் வரும் சில நொடித் தாளம், உலகில் மிகுதியாக எடுத்தாளப்பட்டவற்றுள் ஒன்று. அதைக் கொட்டியவர் கிளைட் ஸ்டபிள்ஃபீல்டு. இயற்றியோர் வரிசையில் அவர் பெயர் இல்லை. 2017இல் அவர் மறைந்தார். எத்தனையோ பாட்டுகளில் அவர் கை ஒலித்தது. அவற்றின் உரிமைப் பணம் அவர் கைக்கு வரவில்லை.