நெப்டியூனின் கிண்ணம்: சிங்கப்பூர்க் கடலில் மீண்டும் தென்பட்ட கடற்பஞ்சு

ஒரு மீட்டருக்கும் மேல் உயரமாக வளரக்கூடிய இந்த விலங்குக்கு வாய் கிடையாது. வயிறு, இதயம், மூளை எதுவும் கிடையாது. கடலடியில் காலூன்றி நிற்கும் பெரிய ஒயின் கிண்ணம் போலத் தோன்றும். அதனால்தான் ரோமானியர்களின் கடல் தெய்வமான நெப்டியூனின் பெயர் இதற்கு வந்தது. அறிவியல் பெயர் கிளையோனா பட்டேரா. பட்டேரா என்றால் லத்தீனில் அகன்ற கிண்ணம்.

மாணவர்களே, இதை அறிவியல் உலகம் முதலில் அறிந்தது சிங்கப்பூர்க் கடலிலிருந்துதான். ராஃபிள்ஸ் இங்கு வந்திறங்கி மூன்றே ஆண்டுகளில், 1822இல், தாமஸ் ஹார்ட்விக் என்ற ராணுவ அதிகாரி இதைப் பற்றி எழுதினார். உடனே அரும்பொருளகங்களும் சேகரிப்பாளர்களும் இதைத் தேடத் தொடங்கினர். குழந்தைகளைக் குளிப்பாட்டும் தொட்டியாகக்கூட இது பயன்பட்டதாகச் சொல்வார்கள். அள்ளி அள்ளி எடுத்ததில், 1900களின் தொடக்கத்திற்குப் பிறகு இங்கே இதை உயிருடன் கண்டவர் யாருமில்லை. அழிந்தே போயிற்று என்று பலரும் நினைத்தனர்.

2011இல் செயின்ட் ஜான்ஸ் தீவுக்கு அருகே வழக்கமான ஆய்வுக்காக முக்குளித்த கடல் உயிரியலாளர்களின் கண்ணில் ஒன்று பட்டது. அகலம் ஏறத்தாழ 30 சென்டிமீட்டர். நூறாண்டுக்குப் பிறகு கிடைத்த முதல் கிண்ணம் அது!

உறுப்புகளே இல்லாமல் இது எப்படி உயிர் வாழ்கிறது? உயிரணு, திசு, உறுப்பு, மண்டலம் என்ற படிநிலையைப் பள்ளியில் படித்திருப்பீர்கள். கடற்பஞ்சு முதல் படியைத் தாண்டிச் சற்று தூரத்திலேயே நின்றுவிட்டது. அதன் மேற்பரப்பு முழுவதும் நுண்துளைகள். உள்ளே கழுத்துப்பட்டை அணிந்தது போன்ற உயிரணுக்கள் உண்டு. ஒவ்வொன்றும் சாட்டை போன்ற இழையைச் சுழற்றும். அந்தச் சுழற்சியில் கடல்நீர் துளைகள் வழியே உள்ளே வரும். நீரிலுள்ள பாக்டீரியாக்களும் நுண்ணுயிர்களும் கழுத்துப்பட்டையில் சிக்கிக்கொள்ளும். ஊர்ந்து நகரும் வேறுவகை உயிரணுக்கள் அந்த உணவை மற்றவற்றுக்குக் கொண்டு சேர்க்கும். வடிகட்டிய நீர் பெரிய துவாரங்கள் வழியே வெளியேறும். ஆக்சிஜன் வருவதும் கழிவு போவதும் இதே நீரோட்டத்தில்தான்.

இந்த வேலையின் அளவைப் பாருங்கள். லியூக்கோனியா என்றொரு சிறிய கடற்பஞ்சு உண்டு. 10 செ.மீ. உயரம், 1 செ.மீ. தடிமன். உருளை என்று வைத்துக் கணக்கிட்டால் கன அளவு சுமார் 8 கன செ.மீ. ஆனால் அது ஒரு நாளில் செலுத்தும் நீர் 22.5 லிட்டர், அதாவது 1.5 லிட்டர் புட்டிகள் பதினைந்து. தன் உடலைப் போல ஏறக்குறைய 2,800 மடங்கு!

இந்த உயிரணுக்களுக்கு இன்னொரு வியப்பான திறனும் உண்டு. 1907இல் எச்.வி. வில்சன் என்ற அமெரிக்க அறிவியலாளர் ஒரு கடற்பஞ்சை மெல்லிய பட்டுத்துணி வழியே பிழிந்து, தனித்தனி உயிரணுக்களாக்கினார். அவை ஊர்ந்து ஒன்றுசேர்ந்து மறுபடி கடற்பஞ்சாயின. நம் ஈரலை அப்படிச் செய்ய முடியுமா?

நெப்டியூனின் கிண்ணம் பிறந்தவுடனேயே கிண்ணமாக இருப்பதில்லை. கிளையோனா பேரினம் சுண்ணாம்பைத் துளைக்கும் கூட்டம். பவளத் துண்டிலோ கிளிஞ்சலிலோ குடியேறி, வேதிப்பொருளால் நுண்ணிய சில்லுகளாக அரித்து உள்ளே புகுந்து வளரும். பிறகுதான் வெளியே வந்து நிமிர்ந்து நிற்கும். கண்ணாடியிலுள்ள அதே சிலிக்காவாலான ஊசிகள் உடலுக்கு உறுதி தருகின்றன.

நம் கடல் கலங்கலானது. நிலமீட்புப் பணிகளும் அதற்கு ஒரு காரணம். வெளிச்சம் குறைவதால் பவளங்கள் ஆழத்தில் வளர இயலாது. உணவை வடிகட்டி உண்ணும் கடற்பஞ்சு சூரிய ஒளியை மட்டும் நம்பியிருக்க வேண்டியதில்லை. ஆனால் மண்டல் அளவுக்கு மீறினால் நுண்துளைகள் அடைபடும். கடற்பஞ்சை விரும்பித் தின்னும் அழுங்காமைகளும் இதே கடலில் வாழ்கின்றன.

இவற்றையெல்லாம்விடப் பெரிய சிக்கல், துணை இல்லாமைதான். நடக்க முடியாத உயிரினம் இனப்பெருக்கத்துக்கும் நீரோட்டத்தையே நம்பியிருக்கிறது. விந்தணுக்கள் நீரில் மிதந்துபோய் இன்னொரு கடற்பஞ்சை அடைய வேண்டும். தூரம் கூடக் கூட அவை கரைந்து சிதறிவிடும். பின்னர் வேறு சில கிண்ணங்கள் தென்பட்டபோதும் அவை விலகி விலகியே இருந்தன. அதனால் அறிவியலாளர்கள் அவற்றைச் சிஸ்டர்ஸ் தீவு கடல் பூங்காவுக்குக் கொண்டுவந்து அருகருகே நட்டனர். அங்கே அவை பெருகினால், இளம் லார்வாக்கள் சிறிது காலம் நீரில் மிதந்து, ஒட்டிக்கொள்ள ஒரு கிளிஞ்சலையோ பவளத் துண்டையோ தேடும்.