“எனக்கு நன்றாக நினைவிருக்கிறது!”



உடன்பிறந்த இருவர் என்னிடம் வந்தார்கள். தம்பி மகளின் நிக்காஹுக்கு அண்ணன் கொடுத்த இரண்டு லட்சம் ரூபாய் பற்றித் தகராறு. “கடனாகத்தான் கொடுத்தேன்” என்கிறார் அண்ணன். “திருப்பித் தர வேண்டாம் என்று சொன்னீர்களே” என்கிறார் தம்பி. இரண்டு வருடமாக ஸலாம் கூட இல்லை. இருவரும் ஐவேளையும் பள்ளிக்கு வருபவர்கள். இருவரும் சத்தியம் செய்யத் தயார். யார் பொய்யர்?

ஒருவரும் பொய்யராக இல்லாமலும் இருக்கலாம்.

1974-இல் எலிசபெத் லாஃப்டஸ் என்ற அமெரிக்க ஆய்வாளர், கார் விபத்துப் படம் ஒன்றைக் காட்டி, “நொறுங்க மோதியபோது வேகம் என்ன?” என்று 50 பேரிடம் கேட்டார். ஒரு வாரம் கழித்து அவர்களில் 16 பேர், உடைந்த கண்ணாடியைப் பார்த்ததாகச் சொன்னார்கள். படத்தில் உடைந்த கண்ணாடியே இல்லை! கேள்வியில் வந்த ஒரு வார்த்தை நினைவையே மாற்றிவிட்டது.

இப்போது புகாரி, முஸ்லிமில் வரும் ஹதீஸைக் கவனியுங்கள். நபி (ஸல்) அவர்கள் நான்கு ரக்அத் தொழுகையில் இரண்டிலேயே ஸலாம் கொடுத்துவிட்டார்கள். மறந்துவிட்டீர்களா, தொழுகை குறைக்கப்பட்டதா என்று துல்யதைன் (ரலி) கேட்டார்கள். இரண்டுமில்லை என்றே நபியவர்கள் சொன்னார்கள். ஆனால் அதோடு நிறுத்தவில்லை. மக்களிடம் விசாரித்தார்கள். அவர் சொல்வது சரிதான் என்றதும் மீதியைத் தொழுது, ஸஜ்தா ஸஹ்வு செய்தார்கள். அல்லாஹ்வின் தூதரே விசாரித்தார்கள் என்றால், நாம் எம்மாத்திரம்?

அது எந்தத் தொழுகை? அபூஹுரைரா (ரலி) பெயர் சொன்னார்கள், நான்தான் மறந்துவிட்டேன் என்று இப்னு ஸீரீன் (ரஹ்) அறிவிக்கிறார்கள். ஊகித்து நிரப்பவில்லை. இதுதான் அமானிதம்.

குர்ஆனின் மிக நீளமான ஆயத் எதைப் பற்றியது? கடனை எழுதி வைப்பதைப் பற்றியது (2:282). சிறியதோ பெரியதோ, தவணையோடு எழுதச் சலிக்காதீர்கள் என்பது அதன் கருத்து. நம்மைப் படைத்தவன் நம் நினைவின் பலவீனத்தையும் அறிந்தவன்.

இதையெல்லாம் கேட்ட அண்ணன் வெகுநேரம் பேசவில்லை. பிறகு, “கடன் என்று மனதில் நினைத்தேன் ஹஜ்ரத். வாய்விட்டுச் சொன்னேனா என்று இப்போது உறுதியில்லை” என்றார். தம்பி முதலில் ஸலாம் சொன்னார். பணத்தைப் பற்றிப் பேச அதன் பிறகுதான் வழி பிறந்தது.

ஆகவே, உறவுக்குள் கொடுத்தாலும் எழுதிக்கொள்ளுங்கள். தகராறு வந்தால் “நீ பொய்யன்” என்பதற்கு முன், “நான் மறந்திருப்பேனோ” என்று ஒரு முறை உங்களையே கேளுங்கள்.

வல்ல ரஹ்மான் நம் அனைவருக்கும் அந்தப் பணிவைத் தந்தருள்வானாக! ஆமீன்.